முதல் கைதட்டு

எங்கள் ஊர்க்காரர்களுக்கு எதையும் முதல் ஆளாகச் செய்யப் பயம். விருந்துக்குக் கூப்பிட்டால் முதல் பந்தியில் உட்கார மாட்டார்கள். புதிதாக ஒரு கடை திறந்தால், உள்ளே போன ஒருவன் உயிரோடு திரும்புகிறானா என்று எதிர்ப்பக்கம் நின்று பார்ப்பார்கள். கைதட்டுவதிலும் இதே கதைதான். பாட்டு எவ்வளவு நன்றாக இருந்தாலும், முடிந்தவுடன் கையை மடியில் வைத்துக்கொண்டு பக்கத்து நாற்காலியைப் பார்ப்பார்கள். பக்கத்து நாற்காலி அடுத்த நாற்காலியைப் பார்க்கும். பார்வை இப்படியே வரிசை வரிசையாக நகர்ந்து கடைசிச் சுவரில் போய் முட்டிக்கொள்ளும். சுவருக்குக் கை கிடையாது.

இப்பேர்ப்பட்ட ஊரில்தான் என் அத்தான் கைதட்டியாக வாழ்ந்தார். என் அக்காவின் கணவர். பிழைப்புக்கு ரொட்டிக்கடையில் மாவு பிசைபவர். விடியுமுன் எழுந்து போய், மூட்டை மூட்டையாக மாவைக் கொட்டி, பிசைந்து, மேஜையில் அறைந்து, உருட்டி, அடுப்புக்குள் தள்ளுவார். அறைந்து அறைந்தே அவருடைய உள்ளங்கை அகன்று தட்டையாகிவிட்டது. அந்தக் கை இரண்டும் சேர்ந்தால் வரும் சத்தம் எங்கள் ஊரில் வேறு யாருக்கும் வராது. தடித்த பலகையைச் சிமெண்டுத் தரையில் போட்டதுபோல் ஒரே ஒரு சத்தம், அரங்கம் முழுக்கப் போய்ச் சேரும். ஊரில் அவர் பெயரைச் சொல்லி விசாரித்தால் யாருக்கும் தெரியாது. கைதட்டி வீடு எது என்று கேட்டால் தெருநாய்கூட வழிகாட்டும்.

நான் மின்சாமான் கடை வைத்திருக்கிறேன். கலைக் கழகத்து அரங்கில் விளக்குப் போடுவதும் அணைப்பதும் என் வேலை. மேடைக்கு இடது ஓரத்தில், திரைக்குப் பின்னால், ஒரு மர ஸ்டூலும் ஸ்விட்ச் பலகையும் உண்டு. அங்கே உட்கார்ந்தால் மேடையும் தெரியும், எதிரே இருக்கிற சபையும் தெரியும். நடிகன் நடிப்பது எனக்குச் சலித்துப் பல வருஷம் ஆகிறது. பார்க்க வந்தவர்கள் நடிப்பதுதான் இன்னும் சலிக்கவில்லை.

அத்தானுக்குப் பாட வராது. குளிக்கும்போது முயற்சி செய்வார்; பக்கத்து வீட்டில் ஜன்னல் சாத்தும் சத்தம் கேட்கும். நடிக்கவும் வராது, ஒரு சின்னப் பொய் சொன்னாலே காது சிவந்து காட்டிக்கொடுத்துவிடும். கல்யாணமான புதிதில், வேறு போக்கிடம் இல்லாமல், அக்காவை அழைத்துக்கொண்டு கழகத்தில் ஒரு பாட்டு நிகழ்ச்சிக்குப் போனார். மரப்பட்டறையில் வேலை செய்யும் ஒருவர் அன்றைக்குத்தான் முதன்முதலாக மேடை ஏறினார். பாடி முடித்தார். எங்கள் ஊர் தன் வழக்கப்படி பக்கத்து நாற்காலியைப் பார்த்தது. மேடையில் நின்றவரின் தொண்டைக்குழி ஏறி ஏறி இறங்கியது. அத்தானுக்குத் தாங்கவில்லை. தட்டிவிட்டார். அவர் தட்டியதும், இதற்காகவே காத்திருந்ததுபோல் அரங்கமே தட்டித் தீர்த்தது.

நிகழ்ச்சி முடிந்ததும் அந்தப் பாட்டுக்காரர் தேடி வந்து, அத்தானின் இரண்டு கையையும் பிடித்துத் தன் கண்ணில் வைத்துக்கொண்டாராம். "கையெல்லாம் ஈரம் மாப்ளே" என்று அத்தான் என்னிடம் அதை எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறார். அன்றைக்குப் பிடித்தது. கலைத் தாகம் என்று கழகச் செயலாளர் சொல்வார், பைத்தியம் என்று அக்கா சொல்வாள். நான் அக்கா கட்சி.

அதற்குப் பிறகு பாட்டு, நாடகம், கதை சொல்லல், மத்தளம், பொம்மலாட்டம் என்று கழகத்தில் எது நடந்தாலும் முதல் வரிசையில் இரண்டாவது நாற்காலி அத்தானுடையது. ஒத்திகைக்கும் போவார், கடையில் மிஞ்சிய பன்னைப் பை நிறையக் கட்டிக்கொண்டு. ஆலையில்லா ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரை என்பார்கள். எங்கள் ஊர்க் கலைஞர்கள் இலுப்பைப்பூவிலும் இரண்டாம் தரம். அத்தான் சப்புக்கொட்டிச் சாப்பிட்டார்.

"அந்த ஆள் பாடினது நல்லாவா இருந்துச்சு அத்தான்?" என்று ஒருநாள் கேட்டேன்.

"நல்லா இருந்தா எவன் வேணாலும் தட்டுவான் மாப்ளே. நல்லா இல்லாதப்பதான் நம்ம மாதிரி ஆள் வேணும்."

"அப்படித் தட்டித் தட்டித்தான் அவன் இருபது வருஷமா நிறுத்தவே மாட்டேங்கிறான்."

சிரித்தார். கோபமே வராது அவருக்கு. கோபம் வருகிற மனிதராக இருந்திருந்தால் எங்கள் குடும்பத்துக்கு இவ்வளவு சேதம் வந்திருக்காது.

கலைஞர்கள் அவரை நன்றாகவே பயன்படுத்திக்கொண்டார்கள். அவர் வராமல் திரை விலகாது. செயலாளர் பகலில் மருந்துக்கடைக்காரர், மாலையில் நாடகாசிரியர். மருந்தில் கலப்படம் கிடையாது, நாடகத்தில் எல்லாமே கலப்படம். அவர் ஒத்திகையிலேயே சொல்லிவைப்பார்: "அப்பன் மகனைத் துரத்துற இடம் வருதில்ல, அங்க உடனே தட்டிடாதீங்க. ரெண்டு மூச்சு விட்டுட்டுத் தட்டுங்க." அத்தான் பயபக்தியோடு இரண்டு மூச்சு விடுவார். முன்னூறு பேர் அவருடைய மூன்றாவது மூச்சுக்காகக் காத்திருப்பார்கள். காலப்போக்கில் எங்கள் ஊருக்கு நல்லது கெட்டது தெரிந்துகொள்ளும் வேலையே இல்லாமல் போனது. அத்தானின் கையைப் பார்த்தால் போதும் என்று ஆகிவிட்டது.

அத்தானுக்கு ஒரு மகள். அவள் பாடுவாள். நிஜமாகவே பாடுவாள். மாமன் என்பதால் சொல்லவில்லை. மாமன் என்கிற முறையில் எனக்கு அவள் பாட்டைவிட அவள் போடும் டீதான் பிடிக்கும். ஆனால் அக்காவின் தையல் மெஷின் ஓடிக்கொண்டிருக்கும்போது, அதன் சத்தத்தையே தாளமாக வைத்துக்கொண்டு அடுப்படியிலிருந்து அவள் பாடினால், கடைக்கு அவசரமாகப் போய்க்கொண்டிருக்கிற நானே வாசலில் நின்றுவிடுவேன். அப்போது அவளுக்குப் பத்து வயது இருக்கும்.

அந்த வருஷம் கழகத்தில் பிள்ளைகளுக்கென்று ஒரு மாலை நிகழ்ச்சி வைத்தார்கள். அவளும் பெயர் கொடுத்தாள். அக்கா நீலத்தில் ஒரு கவுன் தைத்தாள், கழுத்தைச் சுற்றி வெள்ளைக் கரை வைத்து. எல்லாம் ஒழுங்காக நடந்திருக்கும். முதல் நாள் செயலாளர் பேச்சுவாக்கில், "நாளைக்கு உங்க பொண்ணு பாட்டுக்குத் தட்டியே உங்க கை வீங்கிடும் போலிருக்கே" என்று சிரித்தார். விளையாட்டாகத்தான் சொன்னார். அத்தான் சிரிக்கவில்லை. வீட்டுக்கு வந்து வெகுநேரம் தன் உள்ளங்கையையே திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாராம்.

நிகழ்ச்சியில் எல்லாப் பிள்ளைகளுக்கும் தட்டினார். வரியை மறந்துவிட்டு அழுத பிள்ளைக்கு இரட்டிப்பாகத் தட்டினார். பிறகு இவள் வந்தாள். மேல் ஸ்தாயியில் ஒரு இடம் வரும், அடுப்படியில் பாதி நாள் அங்கே வழுக்குவாள். அன்றைக்கு வழுக்கவில்லை. பாடி முடித்துவிட்டு, நேராக அப்பாவைப் பார்த்தாள்.

ஊரும் அவரைத்தான் பார்த்தது. என் ஸ்டூலிலிருந்து எனக்குத் தெளிவாகத் தெரிந்தது. தொடைக்கு அடியில் இரண்டு கையையும் செருகி, அதன்மேல் அழுத்தி உட்கார்ந்திருந்தார்.

பிள்ளை நின்றாள். பாடி முடித்தவுடன் வந்த சிரிப்பு முகத்திலேயே இருந்தது, போக வழி தெரியாமல். உதட்டை நனைத்துக்கொண்டாள். அம்மாவைப் பார்த்தாள். அம்மா அப்பாவைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு கூடம் நிறைய மனிதர்கள், ஒருவருக்கும் கை இல்லை. "லைட்டு, லைட்டு" என்று செயலாளர் திரைக்குப் பின்னாலிருந்து என்னிடம் கிசுகிசுத்தார். என் வேலை அதுதான். அணைத்தேன். இருட்டுக்குள் அவள் படியிறங்கும் சத்தம் மட்டும் கேட்டது.

வீட்டுக்கு வந்ததும் கேட்டாள். நானும் அங்கே இருந்தேன்.

"நல்லா இல்லையாப்பா?"

"யாரு சொன்னா? ரொம்ப நல்லா இருந்துச்சு."

"அப்புறம் ஏன் தட்டல?"

அத்தான் அவளை மடியில் உட்காரவைத்து, உலக நியாயத்தையெல்லாம் கரைத்துக் குடித்தவர்போல் பதில் சொன்னார். "நம்ம வீட்டு ஆளுக்கு நாமளே தட்டக் கூடாதும்மா. அப்புறம் ஊரு நம்ம கையை நம்பாது."

அவள் தலையாட்டினாள். பத்து வயதுப் பிள்ளைக்குப் புரியும்படியாகத்தான் சொல்லியிருந்தார். அக்கா அந்த நீலக் கவுனை மடித்துப் பெட்டியில் வைத்தாள். என்னிடம் மட்டும் வாசலில் வைத்து, "காக்கைக்கும் தன் குஞ்சு பொன்குஞ்சுன்னு சொல்லுவாங்கடா. நான் கட்டிக்கிட்டது காக்கைகூட இல்ல" என்றாள்.

அதற்குப் பிறகு அந்தப் பெண் பாடி யாரும் கேட்டதில்லை. குளிக்கும்போதுகூட. ஊரான் பிள்ளையை ஊட்டி வளர்த்தால் தன் பிள்ளை தானே வளரும் என்று பழமொழி சொல்கிறது. அத்தான் அதை முழுமனதாக நம்பியவர். பழமொழி பொய்யும் சொல்லவில்லை. தன் பிள்ளை தானேதான் வளர்ந்தது. படித்தாள், ஒரு கண்ணாடிக் கடையில் வேலைக்குச் சேர்ந்தாள். வருகிறவர்களின் கண்ணுக்கு முன்னால் லென்ஸை மாற்றி மாற்றி வைத்து, "இது தெளிவா இருக்கா, அது தெளிவா இருக்கா" என்று கேட்பது அவள் வேலை. கடைக்குப் பக்கத்திலேயே ஒரு அறை எடுத்துக்கொண்டாள். விடுமுறை நாளில் வந்து அம்மாவைப் பார்த்துவிட்டுப் போவாள். அப்பாவிடம் மரியாதையாகப் பேசுவாள். அந்த மரியாதை எனக்குப் பயமாக இருக்கும்.

பிறகு அக்கா படுத்தாள். ஆஸ்பத்திரியில் ஜன்னலோரக் கட்டில். அத்தான் ரொட்டிக்கடையிலிருந்து நேராக வந்து, மாவு படிந்த காலோடு பக்கத்தில் உட்கார்ந்திருப்பார். அன்பில்லாத மனிதர் என்று சொன்னால் என் நாக்கு அழுகிவிடும். ஆனால் நாலு மணி ஆனால் காலை ஆட்ட ஆரம்பிப்பார். அக்காவுக்குத் தெரியும்.

"இன்னைக்கு யாரு, பாட்டா நாடகமா?"

"பாட்டுதான். அந்தப் பட்டறைக்காரர். நான் போகல. உன்கூடவே இருக்கேன்."

"போய்ட்டு வாங்க. நீங்க இல்லேன்னா அந்த மனுஷன் பாட்டை முடிக்கவே மாட்டாரு. ஒண்ணு மட்டும் சொல்றேன். நான் போனா, அதுக்கும் பழக்க தோஷத்துல தட்டிடாதீங்க."

இதைச் சொல்லிவிட்டு அக்கா சிரித்தாள், இருமினாள். அத்தான் போனார். அந்த வாரத்துக்குள் அக்காவும் போய்ச் சேர்ந்தாள்.

அக்காவை அடக்கம் செய்த மறுநாள் செயலாளர் வீட்டுக்கு வந்தார். கழகத்துக்காரர்கள் ஒருவரும் அடக்கத்துக்கு வரவில்லை, கடைசி ஒத்திகையாம். நாற்காலி நுனியில் உட்கார்ந்து, முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு, வாழ்க்கை நிலையில்லாதது என்றார். அதைக்கூடத் தன் நாடக வசனத்திலிருந்துதான் எடுத்தார். அப்புறம் கொஞ்சம் இழுத்து, "இன்னைக்குச் சாயந்தரம் புது நாடகம் அரங்கேறுது. உங்களைக் கூப்பிட வரல, எங்களுக்கு மனசு இருக்கு. உங்க நாற்காலியில யாரையும் உட்கார விட மாட்டோம், அதைச் சொல்லிட்டுப் போகத்தான் வந்தேன்" என்றார். இப்படிக் கூப்பிடுவதற்கு ஒரு தனித் திறமை வேண்டும்.

மாலையில் அத்தான் முகம் கழுவித் தலை வாரினார். மகள் கூடத்தில் உட்கார்ந்து அம்மாவின் துணிகளை மடித்துக்கொண்டிருந்தாள்.

"எங்கப்பா?"

"கொஞ்ச நேரம்மா. பாவம், மாசக்கணக்கா ஒத்திகை பார்த்திருக்காங்க."

அவள் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. கையில் இருந்த துணியை மடித்து முடித்து, அடுத்ததை எடுத்தாள். நானும் போக வேண்டியிருந்தது. விளக்கு என்னுடைய பிழைப்பு. அன்றைக்குப் போட்டது சிரிப்பு நாடகம். அத்தான் வீங்கிய கண்ணோடு முதல் வரிசையில் உட்கார்ந்து, சொல்லிவைத்த இடத்தில் எல்லாம் சரியாகத் தட்டினார். ஊரும் விழுந்து விழுந்து சிரித்தது. எனக்கு மெயின் ஸ்விட்சைப் பிடுங்கி எறிந்துவிடலாம் போலிருந்தது.

இப்படியே சில வருஷம் ஓடியது. போன வருஷம் கழகத்துக்கு ஒரு பெரிய அதிகாரி வருவதாக ஏற்பாடு. அவர் கையால் உள்ளூர்க் கலைஞர் ஒருவரைக் கௌரவிக்க வேண்டும். யாரை என்பதில் வெட்டுக்குத்து நடக்கும் நிலைமை வந்துவிட்டது. பாட்டுக்காரருக்குக் கொடுத்தால் நாடகக்காரர்கள் மேடையை மிதிக்க மாட்டோம் என்றார்கள். நாடகத்துக்குக் கொடுத்தால் மத்தளக்காரர் மத்தளத்தைக் கிழித்துவிடுவேன் என்றார். கடைசியில், யாருக்கும் பொறாமை வராத ஒரே ஆளாகப் பார்த்துத் தேர்ந்தெடுத்தார்கள். அத்தானுக்குக் 'கலைக் காவலர்' பட்டம்.

அத்தான் சொல்வதற்காக என் கடைக்கே ஓடிவந்தார். நான் ஏணிமேல் நின்று ஒரு பல்பு மாட்டிக்கொண்டிருந்தேன்.

"மாப்ளே, உன்கிட்ட மட்டும் சொல்றேன். பட்டமெல்லாம் எனக்கு எதுக்கு? எனக்கு ஒண்ணே ஒண்ணுதான் வேணும். எத்தனையோ வருஷமா நான் ஆரம்பிச்சு வச்சிருக்கேன். ஒரே ஒரு தடவை, நான் ஆரம்பிக்காம, எனக்கு ஒரு கைதட்டு வரணும். அது எப்படி இருக்கும்னு பாத்துட்டா போதும்."

"வராம எங்க போயிடும்?" என்றேன். ஏணிமேல் நிற்பவன் வேறு என்ன சொல்ல முடியும்.

கண்ணாடி முன்னால் நின்று, கைதட்டல் வரும்போது எப்படித் தலை குனிவது என்று பழகினார். ரொம்பக் குனிந்தால் கும்பிடு மாதிரி இருக்கிறது, குனியாவிட்டால் திமிர் மாதிரி இருக்கிறது என்று என்னிடம் யோசனை வேறு. புதுச் சட்டை எடுத்தார். மகளின் கடைக்கு நேரில் போய் அழைத்தார். அவள் யாருக்கோ கண்ணாடிக் காம்பை வளைத்துச் சரிசெய்துகொண்டிருந்தாள். "வர்றேன்ப்பா" என்றாள். லீவு போட்டு, சொன்ன நேரத்துக்கு வந்து, மூன்றாவது வரிசை ஓரத்தில் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

மேடையில் அத்தானை நடு நாற்காலியில் உட்காரவைத்திருந்தார்கள். அந்தப் பக்கமிருந்து சபையைப் பார்ப்பது அவருக்கு அதுதான் முதல் தடவை. திருதிருவென்று விழித்தார். பாட்டுக்காரர் முதலில் பேசினார். தான் முதன்முதலில் பாடிய நாள், தன் குரல், தான் பட்ட பாடு, தனக்கு வந்த காய்ச்சல், எல்லாம் சொல்லிவிட்டு, அந்த நாளில் இவரும் அங்கே இருந்தார் என்று முடித்தார். முடித்த மறுவிநாடி பலகை விழுந்த சத்தம். அத்தான்தான். தன்னைப் பாராட்டிய பேச்சுக்குத் தானே முதலில் தட்டிவிட்டார். ஊரும் பின்னாலேயே தட்டியது.

மத்தளக்காரர் பேசினார், அதற்கும் தட்டினார். செயலாளர் தன் பழைய நாடகங்களின் பட்டியலை ஒப்பித்தார், அதற்கும் தட்டினார். எனக்குத் தலையில் அடித்துக்கொள்ளலாம் போலிருந்தது. திரைக்குப் பின்னாலிருந்து கையை ஆட்டி, வேண்டாம் வேண்டாம் என்று சைகை காட்டினேன். அவருக்கு அப்போதுதான் உறைத்தது. காது சிவந்தது. சட்டென்று இரண்டு கையையும் தொடைக்கு அடியில் செருகிக்கொண்டார். மூன்றாவது வரிசையில் அவர் மகள் அதைப் பார்த்தாள்.

அதிகாரி பட்டயத்தைக் கொடுத்தார், படம் எடுத்தார்கள், அத்தானைப் பேசச் சொன்னார்கள். மைக் முன்னால் நின்றார். எழுதி வைத்துப் படிக்கவில்லை.

"எனக்குப் பாட வராது. ஆட வராது. ரொட்டி சுடத் தெரியும். இங்க நிக்கிறதுக்கு எனக்கு என்ன தகுதின்னு யோசிச்சேன். ஒருத்தர் மேடையில நின்னு, தனக்குத் தெரிஞ்சதையெல்லாம் செஞ்சு முடிச்சிட்டு, கீழ நம்மளைப் பாக்குறாரு பாருங்க. அந்த ஒரு நிமிஷம். அப்ப அவரைவிடப் பெரிய அநாதை உலகத்துல கிடையாது. அந்த நேரத்துல அவங்களைத் தனியா விட்டுடக் கூடாது. என் வாழ்க்கையில நான் செஞ்சது அது ஒண்ணுதான். அதுலயே எனக்கு நிறைஞ்சு போச்சு. வணக்கம்."

நான் அவருடைய மச்சினன், ஆயுள் முழுக்க அவரைக் கேலி செய்தவன். சொல்கிறேன், எங்கள் மேடையில் யாரும் பேசியதிலேயே நல்ல பேச்சு அது. கண்ணாடி முன்னால் பழகிய மாதிரியே அளவாகத் தலையைக் குனிந்தார். நிமிர்ந்தார். காத்திருந்தார்.

சபை அவர் கையைப் பார்த்தது.

முன்னூறு பேரும் பார்த்தார்கள். முதல் வரிசைக்காரர்கள் பார்த்தார்கள், பாட்டுக்காரர் பார்த்தார், மத்தளக்காரர் பார்த்தார். கெட்ட எண்ணம் ஒன்றுமில்லை. அத்தனை பேருக்கும் தட்ட வேண்டும் என்றுதான் ஆசை. அவர் ஆரம்பிக்க வேண்டுமே என்று காத்திருந்தார்கள். அத்தான் பட்டயத்தை நெஞ்சோடு சேர்த்து இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்திருந்தார். அவருடைய தொண்டைக்குழி ஏறி இறங்கியது. சிரிப்பு முகத்தில் அப்படியே நின்றது. அந்தச் சிரிப்பை நான் அதே மேடையில் ஏற்கெனவே பார்த்திருக்கிறேன்.

என் கண் மூன்றாவது வரிசைக்குப் போனது. அவள் கை கைப்பையிலிருந்து மேலே எழுந்தது. நிஜமாகவே எழுந்தது, இரண்டும். அந்தரத்தில் கொஞ்சம் நின்றது. அப்பாவின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள், லென்ஸை மாற்றி வைத்துப் பார்க்கிறவள்போல. பிறகு ஒரு கை இன்னொரு கையைப் பிடித்து, மெதுவாக, மறுபடியும் மடிக்குக் கொண்டுபோய் வைத்தது.

"லைட்டு" என்றார் செயலாளர். நான் அணைக்கவில்லை.

அப்போது கடைசி வரிசையிலிருந்து எவனோ ஒருவன் கத்தினான். "நீங்கதாண்ணே ஆரம்பிக்கணும்!"

கொல்லென்று சிரிப்பு. அதிகாரியும் சிரித்தார். அத்தானும் சிரித்தார். பட்டயத்தைக் கீழே நாற்காலியில் வைத்தார். கையை விரித்தார். தனக்குத் தானே தட்டினார். பலகை விழுந்தது.

எங்கள் அரங்கம் அப்படியொரு கைதட்டலை அதற்கு முன்னால் கேட்டதில்லை. கூரைத் தகரம் அதிர்ந்தது. எழுந்து நின்று தட்டினார்கள். கடைசியில் அருமையான தமாஷ் பண்ணினார் என்று இன்றைக்கும் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறார்கள். அந்த இரைச்சலுக்கு நடுவில் அத்தான் ஒரே இடத்தைத்தான் பார்த்துக்கொண்டு நின்றார். மூன்றாவது வரிசை ஓரத்தில் ஒரே ஒருத்தி மட்டும் உட்கார்ந்திருந்தாள், கை மடியில்.

வெளியே வந்தபோது இன்னும் வெளிச்சம் இருந்தது. மூவரும் பஸ் நிறுத்தம் வரைக்கும் நடந்தோம். பட்டயம் என் கையில். கலைஞர்கள் அதிகாரியின் காரைச் சுற்றி நின்றிருந்தார்கள், ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை. நிறுத்தத்துக்கு வந்ததும், அத்தான் எதையோ கீழே போட்டுவிட்டுத் தேடுகிறவர்போல் தரையைப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"நீ தட்டலையேம்மா?"

"நம்ம வீட்டு ஆளுக்கு நாமளே தட்டக் கூடாதுல்லப்பா." குரலில் கோபம் இல்லை, குத்தல்கூட இல்லை. கற்றுக்கொடுத்ததை ஒப்பிக்கிற குரல். "ஊரு நம்ம கையை நம்பாது."

அத்தான் தலையாட்டினார். மகள் அன்றைக்கு அவர் மடியில் உட்கார்ந்து ஆட்டிய மாதிரியே ஆட்டினார். பஸ் திருப்பத்தில் தெரிந்தது. அவசரமாக அவள் பக்கம் திரும்பினார்.

"அன்னைக்கு உன் பாட்டு... அந்த மேல போற இடம்... எவ்வளவு நல்லா இருந்துச்சு தெரியுமா?"

"எந்தப் பாட்டுப்பா?" என்றாள்.

மறந்துதான் கேட்டாளா, வேண்டுமென்று கேட்டாளா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. அத்தானுக்கும் தெரியாது. அதைத் தெரிந்துகொள்வதற்குள் பஸ் வந்துவிட்டது. ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்து, மரியாதையாகக் கையசைத்தாள். பஸ் போன பிறகும் அத்தான் அங்கேயே நின்றார். இரண்டு கையும் தூக்கியபடி இருந்தது, நெஞ்சுக்கு நேராக, ஒன்றுக்கொன்று படாமல். நான் தோளைத் தொட்டு, "வாங்க அத்தான், காலையில அடுப்புப் பத்த வைக்கணும்" என்றேன்.

அடுத்த வாரம் செயலாளரின் புது நாடகம். அத்தான் வந்தார். முதல் வரிசை, இரண்டாவது நாற்காலி. அப்பன் மகளை வீட்டைவிட்டுத் துரத்துகிற காட்சி முடிந்தது. சொல்லிவைத்தபடி இரண்டு மூச்சு விட்டார். பிறகு தட்டினார், ஊரும் தட்டியது, நான் விளக்கை அணைத்தேன்.